எம்.எல்.ஏ. பாட்டாவின் வரலாற்றை எழுதுவது எப்படி

பிறந்த தேதியைத் தேடிக்கொண்டு கிளம்பாதீர்கள். பாட்டாவின், அதாவது சட்டசபைக்குப் போன தாத்தாவின், வாழ்க்கை வரலாறு எழுத உட்காருகிற எல்லாரும் அங்கேதான் தொடங்குகிறார்கள், பலர் அங்கேயே நின்றும்விடுகிறார்கள். பள்ளிக்கூடச் சான்றிதழ் ஒரு தேதி சொல்லும், ஞானஸ்நானப் பதிவேடு வேறொன்று சொல்லும், கல்லறையில் வெட்டியிருப்பது மூன்றாவது. அதற்குள் மழைக்காலம் ஒன்று போய்விடும், எழுதுகிற ஆசையும் போய்விடும். சட்டசபையில் உட்கார்ந்த மனிதரை எழுதுவதென்றால் சபையிலிருந்து தொடங்குங்கள். அங்கே என்ன கேட்டார், எதற்குக் கை தூக்கினார், கேட்டது ஊருக்கு வந்ததா? இவ்வளவும் கையில் கிடைத்துவிட்டால் மீதி வாழ்க்கை அதைச் சுற்றி வந்து சேரும்.

நான் குழித்துறை கோர்ட்டில் வக்கீல் குமாஸ்தாவாக இருந்து ஓய்ந்தவன். வரலாறு படித்தவன் அல்ல. பழைய ஆதாரம் (எங்கள் பக்கம் சொத்துப் பத்திரத்துக்கு அதுதான் பேர்), பழைய தீர்ப்பு, கரையான் அரித்த வக்காலத்து, இவற்றைப் பார்த்துப் பார்த்தே கண்ணாடி தடித்தது. அதனால் ஊரில் யாராவது "பாட்டாவுக்கு நூற்றாண்டு வருது, ஒரு புஸ்தகம் போடணும் அண்ணாச்சி" என்று சொன்னால் என் வீட்டுக்கு வழிகாட்டிவிடுகிறார்கள். அவர்களிடம் வாயால் சொல்வதை இங்கே எழுதிவைக்கிறேன். திருவிதாங்கூரிலிருந்து பிரிந்து தமிழ்நாட்டுக்கு வந்த விளவங்கோடு, கல்குளம், தோவாளை, அகஸ்தீசுவரம் என்ற நாலு தாலுகாக்காரர்களுக்கும் செங்கோட்டைக்காரர்களுக்கும் இது நேராகப் பொருந்தும். எல்லைக்கு அந்தப் பக்கம் நெய்யாற்றின்கரை, பீர்மேடு, தேவிகுளம், சித்தூர்த் தமிழர்களுக்கும் முக்கால்வாசி பொருந்தும்.

எந்தச் சபை?

வீட்டில் "மெம்பர்" என்ற ஒரே சொல்லில் முடித்துவிடுவார்கள். ஆனால் நம் பக்கத்தில் அந்தப் பேருக்குள் அடங்கும் சபைகள் பல. எது என்று தெரியாமல் எந்த அலுவலகப் படியும் ஏறாதீர்கள்.

1888இல் ஸ்ரீமூலம் திருநாள் மகாராஜா காலத்தில் திருவிதாங்கூரில் ஒரு சட்டசபை ஏற்பட்டது. மிகச் சிறியது, பெரும்பாலும் சர்க்கார் உத்தியோகஸ்தர்கள். உங்கள் பாட்டா அதில் இருந்திருக்க வாய்ப்பு குறைவு. 1904இல் வந்தது ஸ்ரீமூலம் பிரஜாசபை. இதற்குத் தாலுகாதோறும் ஆள் எடுத்தார்கள். ஆனால் ஆளைத் தேர்ந்தெடுக்கிற உரிமை நிலவரி கட்டுகிற சொத்துக்காரர்கள், பட்டதாரிகள் போன்றவர்களோடு நின்றது. ஒரு பகுதிப் பேரைச் சர்க்காரே நியமித்தது. புலையர் சமூகத் தலைவர் அய்யன்காளி அப்படி நியமன உறுப்பினராகப் போய்த்தான் 1912இல் புலையர்களுக்கு நிலம் வேண்டும் என்று பேசினார். பிரஜாசபை சட்டம் போடுகிற இடம் அல்ல. உறுப்பினர் குறையைச் சொல்வார், திவான் பதில் சொல்வார். ஆகவே "எங்க பாட்டா பிரஜாசபையிலே சட்டம் கொண்டுவந்தாரு" என்று யாராவது சொன்னால், சபையின் பேர் தவறியிருக்க வேண்டும், அல்லது சட்டம் தவறியிருக்க வேண்டும்.

1933 முதல் திருவிதாங்கூருக்கு இரண்டு சபைகள். கீழே ஸ்ரீமூலம் சபை, மேலே ஸ்ரீ சித்திரா ஸ்டேட் கவுன்சில். இந்தக் காலத்து ஆள் என்றால் நிவர்த்தனப் போராட்டம் பற்றிக் கட்டாயம் படித்துக்கொள்ளுங்கள். சொத்தை வைத்து ஓட்டு கொடுத்தால் தங்களுக்கு இடமே கிடைக்காது என்று ஈழவரும் கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் தேர்தலைப் புறக்கணித்த காலம் அது. அந்தச் சமயத்தில் ஒருவர் நின்றார் என்பதற்கும் நிற்காமல் இருந்தார் என்பதற்கும் அர்த்தம் உண்டு.

வயது வந்த எல்லாருக்கும் ஓட்டு என்று திருவிதாங்கூரில் முதலில் நடந்த தேர்தல் 1948 தொடக்கத்தில். 1949 ஜூலை 1ஆம் தேதி திருவிதாங்கூரும் கொச்சியும் சேர்ந்து திருக்கொச்சி ஆனது. அந்த ராஜ்யத்துக்கு 1951-52லும் 1954லும் தேர்தல் நடந்தது. 1956 நவம்பர் 1ஆம் தேதி நாலு தாலுகாக்களும் செங்கோட்டையின் பெரும்பகுதியும் சென்னை ராஜ்யத்துக்கு வந்தன. 1957 தேர்தலில் நம்மூர்க்காரர்கள் கோட்டைக்குப் போனார்கள்.

இதில் ஒரு சந்து இருக்கிறது, பலர் தடுக்கி விழுவது அங்கேதான். "1954 முதல் 1957 வரை எம்.எல்.ஏ." என்று நினைவு மலர்களில் போடுவார்கள். 1956 மார்ச்சிலேயே திருக்கொச்சியில் மந்திரிசபை கவிழ்ந்து குடியரசுத் தலைவர் ஆட்சி வந்துவிட்டது. அப்புறம் 1957 தேர்தல் வரை எம்.எல்.ஏ. என்று ஒருவரும் இல்லை. தாலுகா கைமாறிய நவம்பர் 1 அன்று, அந்த இணைப்புக்காகச் சபையில் தொண்டை கிழியக் கத்தியவர்களில் பலர் வெறும் முன்னாள் உறுப்பினர்கள். உங்கள் பாட்டா அந்த எட்டு மாசமும் என்ன செய்தார் என்று தேடிப் பாருங்கள். கோர்ட்டுக்குத் திரும்பினாரா, கட்சி வேலையில் இருந்தாரா, வயலைப் பார்த்தாரா? அதை எழுதாமல் விடாதீர்கள்.

கொல்லம் வருஷக் கணக்கு

திருவிதாங்கூர்க் காகிதம் எதை எடுத்தாலும் கொல்லம் ஆண்டு இருக்கும். கணக்கு எளிது. கொல்லம் வருஷம் ஆவணி ஒன்றாம் தேதி, அதாவது ஆகஸ்ட் நடுவில் பிறக்கும். ஆவணியிலிருந்து டிசம்பர் முடியும் வரை 824 கூட்டுங்கள். ஜனவரியிலிருந்து ஆடி முடியும் வரை 825 கூட்டுங்கள். 1113 துலாம் என்றால் 1937 ஐப்பசி. அதே 1113 மேடம் என்றால் 1938 சித்திரை. மாசப் பேர் மலையாளத்தில் இருந்தாலும் பயப்பட வேண்டாம். சிங்ஙம் நம் ஆவணி, மகரம் நம் தை, இடவம் நம் வைகாசி, கர்க்கடகம் நம் ஆடி.

கணக்கு சரியா என்று சோதிக்கப் பழைய ஆட்களின் பேச்சே போதும். "தொண்ணூற்றொன்பது வெள்ளத்திலே அம்மைக்கு அஞ்சு வயசு" என்பார்கள். 1099 கர்க்கடகம், 825 கூட்டினால் 1924 ஜூலை. திருவிதாங்கூரை மூழ்கடித்த பெருவெள்ளம் அதுதான். நூற்றாண்டு எண்ணை விட்டுவிட்டு "எழுபதிலே பிறந்தாரு" என்று சொல்வது இங்கே வழக்கம். பேரப்பிள்ளைகள் அதை 1970 என்று எழுதிவைத்த கூத்தும் நடந்திருக்கிறது. எழுபது என்றால் 1070. 825 கூட்டினால் 1895.

பிறந்த தேதிக்கு இப்போது வரலாம். இருக்கிற தேதிகளில் எதை எடுப்பது? சட்டத்தை வைத்துச் சோதியுங்கள். 1951-52 தேர்தலில் சட்டசபைக்கு நிற்க 25 வயது நிரம்பியிருக்க வேண்டும். சான்றிதழ்ப்படி 1928இல் பிறந்தவர் அந்தத் தேர்தலில் நின்றிருக்க முடியாது. அப்படியானால் பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது வயதைக் குறைத்திருக்கிறார்கள், அந்தக் காலத்தில் எல்லாரும் செய்ததுதான். ஞானஸ்நானப் பதிவேடு இருந்தால் அதை நம்புங்கள். லண்டன் மிஷன் சபைகளில் பழைய பதிவேடுகளை நன்றாக வைத்திருக்கிறார்கள். இந்துக் குடும்பம் என்றால் ஜாதக ஓலை. இரண்டும் இல்லையென்றால் வருஷத்தை மட்டும் எழுதிவிட்டு மேலே போங்கள்.

பேர்

தேர்தல் பட்டியலில் ஒரு எழுத்தும் ஒரு பேரும்தான் இருக்கும். ஒரே தாலுகாவில் அதே முன்னெழுத்து, அதே பேர், அதே சாதிப் பட்டத்தோடு இன்னொருவர் இருப்பார். பழைய காகிதங்களில் வீட்டுப் பேரே முன்னெழுத்தாக நிற்பதும் உண்டு, தகப்பனார் பேர் என்று நினைத்து எழுதிவிட்டால் குடும்பமே மாறிவிடும். பேரை மட்டும் வைத்து ஆளை முடிவு செய்யாதீர்கள். பேரோடு தொகுதி, கட்சி, தொழில் இவற்றில் ஏதாவது இரண்டு ஒத்துப்போக வேண்டும். கோர்ட்டில் ஆள் அடையாளத்துக்குக் கேட்பதும் இதையேதான்.

சபைக் குறிப்பு

இதுதான் வேலையின் நடு. இங்கே சோம்பலே கூடாது.

திருவிதாங்கூர், திருக்கொச்சி சபைகளின் நடவடிக்கைக் குறிப்புகள் திருவனந்தபுரத்தில் கேரள சட்டமன்ற நூலகத்தில் இருக்கின்றன. 1888இலிருந்து உள்ள குறிப்புகளில் நிறைய இணையத்திலும் ஏற்றப்பட்டிருக்கின்றன. எனவே களியக்காவிளை தாண்டி பஸ் ஏறும் முன் வீட்டிலேயே தேடிப் பாருங்கள். 1957க்குப் பிந்தியது சென்னைக் கோட்டையில் உள்ள பேரவை நூலகத்தில். பாட்டா டில்லிக்குப் போனவர் என்றால் உங்களுக்கு அதிர்ஷ்டம்தான். மக்களவை விவாதங்கள் முதல் மக்களவையிலிருந்தே இணையத்தில் கிடைக்கின்றன.

புத்தகத்தின் கடைசியில் பேர் அகராதி இருந்தால் அதிலிருந்து தொடங்குங்கள். ஆனால் அதோடு நிறுத்தாதீர்கள். பேச்சைத் தேடி ஏமாந்துபோகிறவர்கள் நிறைய. "அவரு எழுந்தா சபை அடங்கும்" என்று கேட்டு வளர்ந்திருப்பார்கள், குறிப்பில் பார்த்தால் நாலு வரி. மனம் விடாதீர்கள். பேச்சைவிடக் கேள்விகள் உதவும். எந்த ரோடு, எந்தப் பள்ளிக்கூடத்துக்குத் தமிழ் வாத்தியார், எந்தக் குளத்துக்கு மடை. கேள்வியில் ஊர்ப் பேர் இருக்கும். அந்த ஊர்ப் பேர்களை ஒரு வரைபடத்தில் குறித்துப் பாருங்கள், பாட்டா யாருக்காக சபைக்குப் போனார் என்பது தெரிந்துவிடும். சொந்தப் பிடாகைக்கு மட்டுமே கேட்டவர்களும் இருந்தார்கள், கடற்கரைக்கும் மலைக்கும் சேர்த்துக் கேட்டவர்களும் இருந்தார்கள்.

தண்ணீர் பற்றிய கேள்வி அநேகமாக இருக்கும். 1906இல் முடிந்த பேச்சிப்பாறை அணையின் தண்ணீர் நாஞ்சில்நாட்டு வயல்களுக்குப் பாய்ந்தது. விளவங்கோட்டுக்காரர்கள் நெய்யாற்றை எதிர்பார்த்து இருந்தவர்கள். அந்த நெய்யாறு 1956க்குப் பிறகு எல்லைக்கு அந்தப் பக்கம் போய்விட்டது. இணைப்பு கேட்டவரும் இவர், நெய்யாற்றுத் தண்ணீர் கேட்டவரும் இவரே என்றால் அந்த இழுபறியை விரித்து எழுதுங்கள். மாலை, தோரணம் பற்றி ஒரு பக்கம் எழுதுவதைவிட இது மேல்.

ஒரு வீட்டில் பாட்டாவைப் "பாலம் கொண்டுவந்தவர்" என்று வைத்திருந்தார்கள். குறிப்பைத் தேடியபோது அவர் பாலமே கேட்கவில்லை. தோணித்துறை ஏலத்தொகையைக் குறைக்கச் சொல்லியிருக்கிறார். ஏலம் ஏறினால் தோணிக்காரன் கூலியை ஏற்றுவான், சந்தைக்குச் சுமை கொண்டுபோகிற பெண்கள் கொடுக்கவேண்டியிருக்கும் என்று கணக்கோடு கேட்டிருக்கிறார். பாலம் வந்தது வெகுகாலம் கழித்து, வேறொரு உறுப்பினர் காலத்தில். குடும்பத்துக்கு முதலில் முகம் சுருங்கியது. எனக்கு அந்தக் கேள்வியைப் படித்ததும் அவர்மேல் மரியாதை கூடியது. பாலம் எல்லாருக்கும் கேட்கத் தெரியும்.

அப்புறம் கை. ஒரு வார்த்தை பேசாத உறுப்பினரும் வாக்கெடுப்பில் ஏதோ ஒரு பக்கம் இருந்திருப்பார். திருக்கொச்சியில் அந்தக் கைக்கு விலை அதிகம். காரணம் எண்ணிக்கை. 1952இல் அமைந்த ஏ.ஜே. ஜான் மந்திரிசபைக்குத் தனிப் பெரும்பான்மை இல்லை. தமிழ்த் தாலுகாக்களின் இணைப்பைக் கேட்ட திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸின் 8 பேர் அதைத் தாங்கினார்கள். அவர்கள் விலகியதும் 1953 செப்டம்பரில் அது விழுந்தது. 1954 தேர்தலில் மொத்தம் 117 இடம். காங்கிரஸ் 45, கம்யூனிஸ்ட் 23, பிரஜா சோஷலிஸ்ட் 19, தமிழ்நாடு காங்கிரஸ் 12, புரட்சி சோஷலிஸ்ட் 9. இந்த 19 பேரை வைத்துக்கொண்டு, காங்கிரஸ் வெளியிலிருந்து தாங்க, பட்டம் தாணு பிள்ளை முதல் மந்திரியானார். 1955 பிப்ரவரியில் அதுவும் போனது. பனம்பிள்ளி கோவிந்த மேனன் வந்தார், 1956 மார்ச்சில் அவரும் போனார். ஆக, நாலு வருஷத்தில் மந்திரிசபைகள் வரிசையாக விழுகின்றன. நம் தாலுகாவிலிருந்து போன ஒவ்வொரு உறுப்பினரின் கையும் அந்தக் கணக்கில் இருக்கிறது. நம்பிக்கையில்லாத் தீர்மானம் வந்த நாட்களின் குறிப்பை எடுத்து, உங்கள் பாட்டா எந்தப் பக்கம், வந்தாரா வரவில்லையா என்று பாருங்கள். குடும்பத்தில் ஒருவருக்கும் தெரியாத சங்கதி அநேகமாக அங்கே இருக்கும்.

தேர்தல் புள்ளிவிவரம்

1951-52 முதல் எல்லாத் தேர்தலுக்கும் தேர்தல் ஆணையத்தின் புள்ளிவிவர அறிக்கை இருக்கிறது, இணையத்தில் இலவசம். அதற்கு முந்தியதற்கு திருவிதாங்கூர் சர்க்கார் கெஜட்டைப் பார்க்க வேண்டும். அறிக்கையில் இரண்டு இடத்தில் நிதானம் தேவை. ஒன்று, அந்தக் காலத்தில் இரட்டை உறுப்பினர் தொகுதிகள் இருந்தன. ஒரு பொது இடம், ஒரு தாழ்த்தப்பட்டோர் இடம், இரண்டுக்கும் ஒரே தொகுதி. 1961இல்தான் அதை எடுத்தார்கள். அங்கே இரண்டாவதாக இருக்கிற பேரைப் பார்த்ததும் தோற்றவர் என்று எழுதிவிடாதீர்கள். இன்னொன்று, டெபாசிட். செல்லும் ஓட்டில் ஆறில் ஒரு பங்குகூட வாங்காதவருக்குத்தான் அது போகும். "டெபாசிட் போச்சு" என்று எதிர்க்கட்சி வீட்டார் சொல்லிக்கொண்டிருந்தால் ஓட்டை வகுத்துப் பாருங்கள், பாதிக்குப் பாதி பொய்யாக இருக்கும்.

தோல்வியையும் எழுதுங்கள். தோற்ற தேர்தலை மறைத்த புத்தகம் எனக்கு உடனே தெரிந்துவிடும். நடுவில் ஐந்து வருஷம் பாட்டா சமூக சேவை செய்துகொண்டிருப்பார்.

நேசமணியை வைத்து ஒரு பயிற்சி

சொந்தப் பாட்டாவைத் தொடுவதற்கு முன், எல்லாருக்கும் தெரிந்த ஒருவரை வைத்துக் கை பழகிக்கொள்ளுங்கள். மார்ஷல் நேசமணி இதற்குத் தோதானவர். 1895 ஜூன் 12இல் பள்ளியாடியில் பிறந்தார், 1968 ஜூன் 1இல் இறந்தார். நாகர்கோவிலில் வக்கீல். தமிழ்த் தாலுகாக்களைத் தமிழ்நாட்டோடு சேர்க்கவேண்டும் என்ற திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸின் தலைவர். 1951-52இல் நாகர்கோவில் மக்களவை உறுப்பினர். 1957இல் கிள்ளியூரிலிருந்து சென்னைச் சட்டமன்றம். 1962லும் 1967லும் மறுபடி மக்களவை. அவர் இறந்ததால் வந்த இடைத்தேர்தலில்தான் 1969 தொடக்கத்தில் காமராஜர் நாகர்கோவிலில் நின்று ஜெயித்தார்.

இந்த எலும்புக்கூட்டை முதலில் ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அப்புறம் ஊரில் சொல்லும் கதைகளை எடுங்கள். கோர்ட்டில் மேல்சாதி வக்கீல்களுக்கு நாற்காலி, மற்றவர்களுக்கு முக்காலி, நேசமணி முக்காலியை எட்டி உதைத்தார் என்ற கதை குமரி மாவட்டத்தில் குழந்தைகளுக்கும் தெரியும். இதை எப்படி எழுதுவது? சாட்சி சொன்னதை சாட்சி சொன்னதாகவே எழுதுவதுதான் கோர்ட்டு முறை. "என்று சொல்வார்கள்" என்று போட்டு, யார் சொன்னார், அவர் யாரிடம் கேட்டார் என்பதையும் சேர்த்துவிடுங்கள். கதை கொஞ்சமும் குறையாது.

1954 ஆகஸ்ட் 11இல் இதைவிடக் கவனம் வேண்டும். அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது, ஆட்கள் செத்தார்கள். எத்தனை பேர் என்பதில் சர்க்கார் சொன்னதும் ஊர் சொல்வதும் ஒன்றல்ல. உங்களுக்குப் பிடித்த எண்ணைப் போட்டுவிட்டு நகராதீர்கள். இரண்டு தரப்பையும் தரப்புப் பேரோடு கொடுங்கள். அந்தச் சூட்டின் அதிர்ச்சி இங்கேயே நிற்கவில்லை. முதல் மந்திரி பட்டம் தாணு பிள்ளையின் கட்சியான பிரஜா சோஷலிஸ்டின் பொதுச் செயலாளர் ராம் மனோகர் லோகியா, சுடச் சொன்ன சர்க்கார் எங்கள் சர்க்காராக இருந்தாலும் விலக வேண்டும் என்று சொன்னார். அதில் கிளம்பிய சண்டை பெருகி, மறு வருஷம் அகில இந்தியக் கட்சியே பிளந்தது. உங்கள் பாட்டா 1954இல் எந்தக் கட்சியில் இருந்திருந்தாலும் சரி, அந்த ஆகஸ்டில் எங்கே இருந்தார் என்ற கேள்விக்குப் பதில் இல்லாமல் புத்தகத்தை அச்சுக்குக் கொடுக்காதீர்கள். சிறையிலா, சபையிலா, வீட்டிலா? இணைப்பை எதிர்த்தவராக இருந்தால் அதையும் எழுதுங்கள். நம் ஊரிலேயே மலையாளம் பேசுகிறவர்களும் திருவிதாங்கூரை விட மனம் வராத தமிழர்களும் இருந்தார்கள். பசல் அலி, குன்ஸ்ரு, பணிக்கர் மூவர் கொண்ட மறுசீரமைப்பு ஆணையம் 1955 செப்டம்பரில் அறிக்கை கொடுக்கும் வரை எது எங்கே போகும் என்று ஒருவருக்கும் தெரியாது.

பத்திரிகைகளைப் புரட்டும்போது இரண்டு பக்கத்தையும் புரட்டுங்கள். தினமலர் 1951இல் திருவனந்தபுரத்தில்தான் தொடங்கியது. நம் பக்கத்துச் செய்தி அதில் விரிவாக இருக்கும். அதே நாள் மலையாள மனோரமாவையோ மாத்ருபூமியையோ எடுத்துவைத்துப் பாருங்கள், அதே கூட்டம் வேறு கூட்டமாகத் தெரியும். மலையாளம் வாசிக்கத் தெரியாத பிள்ளைகள் எல்லைக்கு அந்தப் பக்கத்துச் சொந்தக்காரர் யாரையாவது கூட வைத்துக்கொள்ளுங்கள். நம் வீடுகளில் பாறசாலையிலோ நெய்யாற்றின்கரையிலோ ஒரு அத்தையாவது இல்லாமல் இருக்காது.

வீட்டுப் பெட்டியும் ஆதாரமும்

சபை முடிந்த பிறகுதான் வீடு. வீட்டில் ஆண்களிடம் அரசியல் கேளுங்கள், பெண்களிடம் செலவு கேளுங்கள். தேர்தல் சமயத்தில் எத்தனை பேருக்குச் சோறு வடித்தார்கள், எந்த நகை போய்த் திரும்பி வரவில்லை என்று பாட்டிமார்களும் சித்திமார்களும் சொல்வார்கள். பெரிய மருமகளை விட்டுவிடாதீர்கள். அடுப்படியில் நின்று எல்லாவற்றையும் கேட்டது அவர்தான். "பாட்டா எப்படிப்பட்டவர்?" என்று கேட்டால் "தங்கமானவரு" என்று முடிந்துவிடும். "தோற்ற அன்னிக்கு ராத்திரி சாப்பிட்டாரா?" என்று கேளுங்கள்.

அடுத்தது ஆதாரம். இது என் தொழில், கொஞ்சம் நீட்டுவேன். சார்பதிவாளர் அலுவலகத்தில் பாட்டாவின் சொத்துக்கு எவ்வளவு பின்னால் போகமுடியுமோ அவ்வளவு காலத்துக்கு வில்லங்கம் போட்டுப் பாருங்கள். தேர்தலுக்கு முந்தின மாசங்களில் ஒற்றி ஆதாரம் ஏதாவது எழுதியிருக்கிறாரா? எந்த விளை, யாருக்கு, எவ்வளவுக்கு? பதவியில் இருந்த காலத்தில் திருப்பினாரா, தீர எழுதிக்கொடுத்துவிட்டாரா? பதவியில் இருக்கும்போது சொத்து வாங்கியிருந்தால் அதுவும் அங்கேயே தெரியும், தெரிந்தால் மறைக்காதீர்கள். "சொத்தை அழித்து அரசியல் செய்தவர்" என்று மேடையில் நூறு பேரைப் பற்றிச் சொல்லியாயிற்று. பதிவு எண்ணோடு சொன்னால்தான் வாசிக்கிறவன் நிமிர்ந்து உட்காருவான். 1956க்கு முந்திய ஆதாரம் பெரும்பாலும் மலையாளத்தில் இருக்கும். பழைய ஆதாரம் எழுத்துக்காரர் ஒருவர் கிடைத்தால் வெற்றிலை பாக்கு வாங்கிக்கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள், அந்தக் கையெழுத்தைக் கல்லூரி மலையாளம் தெரிந்த பையனால் படிக்க முடியாது.

பெட்டியில் என்ன கிடைத்தாலும் எறியாதீர்கள். கடிதம், ரயில் பாஸ், கல்யாணப் பத்திரிகை. கல்யாணப் பத்திரிகையில் தலைமை தாங்கியவர் பேரைப் பாருங்கள், அந்த வருஷம் பாட்டா எந்த அணியில் இருந்தார் என்பது சட்டென்று தெரியும்.

காமராஜர் எங்கள் வீட்டில் சாப்பிட்டார் என்ற கதை அநேகமாக உங்கள் வீட்டிலும் இருக்கும். 1969 இடைத்தேர்தலிலும் 1971லும் அவர் இங்கே வேட்பாளர், ஊர் ஊராகப் போனவர், ஆகவே நடந்திருக்கலாம். எந்த வருஷம், பகலா ராத்திரியா, யார் பரிமாறினார்கள் என்று தனித்தனியாக இரண்டு பேரிடம் கேளுங்கள். ஒத்துவந்தால் ஒரு பத்தி கொடுங்கள். புத்தகத்தின் அட்டைக்கு வேண்டாம்.

எழுதும்போது

நூறு பக்கம் வேண்டாம், நாற்பது போதும். சபையில் அவர் கேட்ட நல்ல கேள்வி ஒன்றோடு முதல் பக்கத்தைத் தொடங்குங்கள். பிறப்பும் படிப்பும் அதற்கு அப்புறம் வரட்டும். கேள்வியை அப்படியே முழுசாகக் கொடுத்து, அமைச்சரோ திவானோ சொன்ன பதிலையும் கொடுங்கள். பதில் பெரும்பாலும் "பரிசீலனையில் இருக்கிறது" என்றுதான் இருக்கும். அதற்குக் கீழே, அந்த ரோடு எப்போது வந்தது, அல்லது இன்னும் வரவில்லை என்று ஒரு வரி. "செம்மல்", "ஏந்தல்", "விடிவெள்ளி" இவற்றையெல்லாம் வாழ்த்துரை எழுதுகிறவர்களுக்கு விட்டுவிடுங்கள், அவர்களுக்கும் ஏதாவது வேண்டும். சாதியை மறைக்கவும் வேண்டாம், மேளம் அடிக்கவும் வேண்டாம். அந்தக் காலத்துத் தேர்தலில் யார் ஓட்டு யாருக்குப் போனது என்பதைச் சாதியைச் சொல்லாமல் விளக்க முடியாது, ஒருமுறை தெளிவாகச் சொல்லிவிட்டுப் போங்கள்.

அச்சுக்குப் போகும் முன் எதிர்க்கட்சி வீட்டார் ஒருவரிடம் கையெழுத்துப் பிரதியைக் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள். சொந்தக்காரர்கள் எழுத்துப் பிழை மட்டும் சொல்வார்கள். எதிராளிதான் தேதிப் பிழை சொல்வார்.

புத்தகம் வந்ததும் உறவுக்குப் பிரதி கொடுப்பதோடு நின்றுவிடாமல் நாகர்கோவில் மாவட்ட மைய நூலகத்துக்கு ஒன்று, சென்னை கன்னிமாரா நூலகத்துக்கு ஒன்று, திருவனந்தபுரம் கேரள சட்டமன்ற நூலகத்துக்கு ஒன்று அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் கையெழுத்துப் போட்ட ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். ஆதாரத்தின் மூலப் பிரதிகளை யாருக்கும் கொடுக்காதீர்கள், நகல் எடுத்துக் கொடுங்கள்.